எடையைப் படம்பிடித்தவர்: எய்ஜி சுபுராயாவும் 'டோகுசாட்சு' கலையும்

ஒரு பொம்மை பஸ்ஸை மேஜையின் விளிம்பிலிருந்து தள்ளிவிட்டுப் பாருங்கள். டொக்கென்று விழும், ஒரு முறை புரளும், அவ்வளவுதான். அது பொம்மை என்பது கண்ணை மூடிக்கொண்டு சத்தத்தைக் கேட்டாலே தெரிந்துவிடும். இப்போது விழும் இடத்தில் கொஞ்சம் மாவைத் தூவுங்கள். கைப்பேசியைத் தரையோடு தரையாக வைத்து, அதே விழுதலை ஸ்லோ மோஷனில் எடுங்கள். திரையில் அந்த பஸ் தயங்கித் தயங்கிச் சாயும். புழுதி எழும்பி மெல்ல அடங்கும். பஸ் அதே பஸ்தான். ஆனால் டன் கணக்கில் எடையுள்ள ஏதோ ஒன்று விழுந்துவிட்டதாக உங்கள் கண் நம்பத் தொடங்கியிருக்கும்.

ஜப்பானியர்கள் 'டோகுசாட்சு' என்று அழைக்கும் கலையின் வித்து இந்தச் சின்னச் சோதனைக்குள் இருக்கிறது. 'டோகுஷு சாட்சுயேய்' என்ற தொடரின் சுருக்கம் அது; சிறப்பு ஒளிப்பதிவு என்று பொருள். நம் பழைய படங்களின் பெயர்ப் பட்டியலில் 'தந்திரக் காட்சிகள்' என்று வருமே, ஏறக்குறைய அதுதான். பின்னாளில் அந்த நுட்பங்களை நம்பி எடுக்கப்பட்ட ராட்சத மிருகப் படங்கள், விண்வெளி நாயகர்களின் தொலைக்காட்சித் தொடர்கள் எல்லாவற்றுக்கும் சேர்த்து அதே பெயர் நிலைத்துவிட்டது. அந்த ராட்சத மிருகங்களுக்கு 'கைஜூ' என்று பெயர். கைஜூ என்பது மிருகம், டோகுசாட்சு என்பது அந்த மிருகத்தைத் திரைக்குக் கொண்டுவரும் கலை. இரண்டையும் குழப்பிக்கொள்ளாமல் இருந்தால் மற்றதெல்லாம் எளிது.

ரப்பர் உடை மாட்டிய ஒருவர் அட்டைக் கட்டடங்களை மிதிப்பதுதானே என்று இதை ஒதுக்குபவர்கள் உண்டு. எனக்கு அதில் உண்மையாகவே வருத்தம். உடையும் கட்டடமும் மட்டும் போதும் என்றால் ஆண்டு விழாவில் குழந்தைகள் போடும் மாறுவேடமும் அதே திகிலைத் தந்திருக்க வேண்டும். பெயரிலேயே ஒளிப்பதிவு இருக்கிறது என்பதைக் கவனியுங்கள். இந்தக் கலைக்கு உருவம் கொடுத்த எய்ஜி சுபுராயா அடிப்படையில் ஒரு கேமராக்காரர். அவருடைய வாழ்க்கையின் பின்னாலேயே நடந்து போனால் நுட்பமும் தானாகப் புரிந்துவிடும்.

பறக்க ஆசைப்பட்ட பையன்

1901 ஜூலையில், ஜப்பானின் ஃபுகுஷிமா மாவட்டத்தைச் சேர்ந்த சுகாகவா என்ற ஊரில் பிறந்தார். 3 வயதில் தாய் இறந்துவிட, பாட்டியின் அரவணைப்பில் வளர்ந்தார். 1910-ல் ஜப்பானிய மண்ணில் முதன்முறையாக விமானம் பறந்த செய்தி அந்தப் பையனைப் பிடித்து ஆட்டியது. மாதிரி விமானங்கள் செய்வதே பொழுதாகிப் போனது. 1916-ல் டோக்கியோவின் ஹனேடாவில் இருந்த விமானப் பயிற்சிப் பள்ளியில் போய்ச் சேர்ந்தார். அடுத்த ஆண்டே பயிற்சியாளர் விமான விபத்தில் இறந்தார், பள்ளி மூடப்பட்டது. விமானியாகும் கனவு அத்தோடு முடிந்தது.

பிறகு மின்பொறியியல் படிப்பு, கூடவே ஒரு பொம்மை நிறுவனத்தில் வேலை. 1919 வசந்தத்தில் சக ஊழியர்களோடு செர்ரி மலர்களைப் பார்க்கப் போன இடத்தில் பக்கத்துக் கூட்டத்தோடு கைகலப்பு மூண்டது என்றும், இடையில் புகுந்து சமாதானம் செய்துவைத்த இளைஞன் சுபுராயா என்றும், அந்தப் பக்கத்துக் கூட்டத்தில் இருந்த இயக்குநர் யோஷிரோ எடமாசா அவனைத் திரைப்படத் துறைக்கு அழைத்துக்கொண்டார் என்றும் சொல்வார்கள். எப்படியோ, அந்த ஆண்டு அவர் கையில் கேமரா வந்தது.

கியோட்டோவின் ஸ்டூடியோக்களில் ஒளிப்பதிவாளராக இருந்த காலத்தில் எதையாவது செய்து பார்த்துக்கொண்டே இருந்தார். காட்சிக்கு ஆழம் கொடுக்கப் புகையைப் பரவவிட்டதால் 'புகை சுபுராயா' என்று பட்டப்பெயர் விழுந்தது. கேமராவோடு ஆளையும் தூக்கும் கிரேனைத் தாமே வடிவமைத்தார். 1933-ல் வெளியான 'கிங் காங்' என்ற அமெரிக்கப் படம் அவரை உலுக்கியது. அதன் பிரதி ஒன்றைத் தேடி வாங்கி, ஒவ்வொரு பிரேமாகப் பிரித்து ஆராய்ந்தார். அந்தப் படத்தின் குரங்கு ஒரு சிறு பொம்மை. அதன் கையை ஓர் இம்மி நகர்த்தி ஒரு பிரேம், இன்னும் ஓர் இம்மி நகர்த்தி அடுத்த பிரேம் என்று எடுத்து, சேர்த்து ஓட்டும்போது பொம்மை தானாக அசைவதுபோல் தெரியும். 'ஸ்டாப் மோஷன்' என்று இதற்குப் பெயர். ஒரு நொடிக் காட்சிக்கு 24 பிரேம் வேண்டும் என்பதை நினைத்தால், அதில் எவ்வளவு பொறுமை அடங்கியிருக்கிறது என்பது விளங்கும்.

1937-ல் டோஹோ நிறுவனத்துக்கு வந்தார். அங்கே சிறப்பு நுட்பத்துக்கென ஒரு பிரிவு ஏற்படுத்தி அவரிடம் கொடுத்தார்கள். தொடக்கத்தில் அந்தப் பிரிவில் இருந்தவர் அவர் ஒருவரே.

எரியும் துறைமுகம், எரியும் நகரம்

அடுத்து வருவதைச் சுபுராயாவின் ரசிகர்கள் சிலர் வேகமாகத் தாண்டிப் போய்விடுவார்கள். அதைத் தாண்டினால் அவருடைய கலை பாதிதான் புரியும் என்பது என் எண்ணம்.

1941 டிசம்பரில் ஜப்பானியக் கடற்படை அமெரிக்காவின் பேர்ல் ஹார்பரைத் தாக்கியது. அதன் முதலாம் ஆண்டு நிறைவையொட்டி, கடற்படையின் ஆதரவோடு டோஹோ ஒரு பிரசாரப் படத்தை வெளியிட்டது: 'ஹவாய் முதல் மலாயா வரையிலான கடற்போர்'. இயக்கியவர் கஜிரோ யமமோட்டோ. துறைமுகம் முழுவதையும் மினியேச்சராகக் கட்டி, அதில் தாக்குதலை நடத்திக் காட்டியவர் சுபுராயா. இராணுவ ரகசியம் என்பதால் கடற்படை கொடுத்த தகவல் சொற்பம். பத்திரிகைகளில் வந்த புகைப்படங்களை வைத்து அளவெடுத்தே குழுவினர் துறைமுகத்தைக் கட்டினார்கள். படம் பெரும் வெற்றி பெற்றது. விமானத்தின்மேல் ஒரு சிறுவனுக்கு இருந்த காதல், போரைக் கொண்டாடும் காட்சிகளாகத் திரையில் வந்து நின்றது.

தோல்விக்குப் பிறகு அதற்கு விலை கொடுக்க வேண்டியிருந்தது. போர்ப் பிரசாரத்தில் பங்கு பெற்றவர் என்று 1948-ல் நேச நாட்டு ஆக்கிரமிப்பு நிர்வாகம் அவரைப் பதவியிலிருந்து விலக்கியது. சில ஆண்டுகள் பெயர் வெளியே வராத சில்லறை வேலைகளோடு கழிந்தன. தடை நீங்கிய பிறகுதான் டோஹோவுக்குத் திரும்பினார்.

1954 மார்ச் 1. பிகினி தீவில் அமெரிக்கா வெடித்த ஹைட்ரஜன் குண்டின் கதிர்வீச்சுச் சாம்பல், 'டைகோ ஃபுகுரியு மாரு' என்ற ஜப்பானிய மீன்பிடிப் படகின்மேல் கொட்டியது. செப்டம்பரில் அதன் ஊழியர் ஒருவர் இறந்தார். நாடே கொதித்துக்கொண்டிருந்த அந்த மாதங்களில், இந்தோனேசியாவோடு சேர்ந்து எடுக்கவிருந்த படம் கைவிட்டுப் போன தயாரிப்பாளர் டோமோயுகி டனாகா, அணுகுண்டுச் சோதனையால் கடலடியில் விழித்தெழும் மிருகத்தைப் பற்றி ஒரு படம் எடுக்கலாம் என்றார். அதுதான் 'கோஜிரா', நாம் காட்ஸில்லா என்று அழைப்பது. கொரில்லாவையும், திமிங்கலத்தைக் குறிக்கும் 'குஜிரா' என்ற ஜப்பானியச் சொல்லையும் சேர்த்துப் பிறந்த பெயர் அது. நவம்பர் 3 அன்று படம் வெளியானது.

இயக்குநர் இஷிரோ ஹோண்டா. போர் முடிந்து சிப்பாயாக நாடு திரும்பும் வழியில் ஹிரோஷிமாவின் இடிபாடுகளைத் தம் கண்ணால் பார்த்தவர். அதனால்தான் இந்தப் படத்தில் மிருகம் போன பின்பும் கேமரா மருத்துவமனைக்குள் நுழைகிறது. பாயில் கிடத்தப்பட்ட காயக்காரர்களையும், தாயைப் பறிகொடுத்த குழந்தைகளையும் காட்டுகிறது. 12 ஆண்டுகளுக்கு முன் எதிரியின் துறைமுகத்தை எரித்துக் காட்டிய சுபுராயாவின் கைகள் இந்த முறை தம்முடைய சொந்தத் தலைநகரத்தை எரித்தன. எரிபவர்களின் பக்கத்தில் நின்று எரித்தன. ஒரே மனிதரின் ஒரே திறமை இப்படி இரு வேறு இடங்களில் நின்றதை நினைக்காமல் என்னால் அந்தப் படத்தைப் பார்க்க முடிவதில்லை.

கணக்கு எப்படி வேலை செய்கிறது?

சுபுராயாவுக்குக் கிங் காங் பாணியில் எடுக்கத்தான் ஆசை. அப்படி எடுத்தால் 7 ஆண்டுகள் ஆகும் என்று அவரே கணக்குப் போட்டார். கையில் இருந்ததோ சில மாதங்கள். ஆகவே உடைக்குள் மனிதர் என்று முடிவாயிற்று.

கதைப்படி காட்ஸில்லாவின் உயரம் 50 மீட்டர். உடை மாட்டிய நடிகரின் உயரம் ஏறக்குறைய 2 மீட்டர். 25-ல் ஒரு பங்கு. ஆகவே டோக்கியோவின் கட்டடங்களும் 25-ல் ஒரு பங்காகக் கட்டப்பட்டன. கின்சா கடைத்தெருவின் மணிக்கூண்டும் நாடாளுமன்றக் கட்டடமும் ஆளுயரத்துக்குச் சுருங்கின.

இங்கேதான் மேஜை பஸ் திரும்பி வருகிறது. 50 மீட்டர் உயரத்திலிருந்து விழும் ஒரு கல் தரையைத் தொட ஏறக்குறைய 3.2 நொடி ஆகும். 2 மீட்டரிலிருந்து விழுந்தால் 0.64 நொடிதான். உயரத்தை 25 மடங்கு குறைத்தோம். நேரம் 5 மடங்குதான் குறைந்தது. விழும் நேரம் உயரத்தின் வர்க்கமூலத்தைப் பின்பற்றுகிறது என்பதே காரணம். அப்படியானால் மினியேச்சர் இடிந்து விழுவதை நிஜக் கட்டடம் போலக் காட்ட, காட்சியை 5 மடங்கு மெதுவாக்க வேண்டும். வழக்கமான கேமரா நொடிக்கு 24 பிரேம் எடுக்கும். இதற்கு 120 பிரேம் எடுத்து, 24-ஆக ஓட்ட வேண்டும். எல்லாக் காட்சியையும் இந்தக் கணக்கின்படியே எடுத்தார்கள் என்று நினைக்க வேண்டாம். நடை, அடி, இடிபாடு என்று ஒவ்வொன்றுக்கும் ஏற்ற வேகத்தைக் கண் தீர்மானித்தது. இருந்தாலும் அடிப்படை இந்த வர்க்கமூலம்தான். நம் கண் எடையை நேராகப் பார்ப்பதில்லை. எவ்வளவு நேரத்தில் விழுகிறது என்பதை வைத்தே எடையை ஊகிக்கிறது.

இந்த ஒரு முடிவிலிருந்து மற்ற தொல்லைகள் சங்கிலியாக வந்தன. 5 மடங்கு வேகமாக எடுத்தால் ஒவ்வொரு பிரேமுக்கும் கிடைக்கும் வெளிச்சம் 5-ல் ஒரு பங்காகிவிடும். அதற்கு 5 மடங்கு விளக்கு வேண்டும். மேலும், சிறிய பொருளைக் கிட்டத்திலிருந்து எடுக்கும்போது முன்னால் இருப்பது தெளிவாகவும் பின்னால் இருப்பது மங்கலாகவும் விழும். அந்த மங்கல் ஒன்றே பொம்மை என்று காட்டிக்கொடுத்துவிடும். தவிர்க்க வேண்டுமானால் லென்ஸின் துவாரத்தைச் சுருக்க வேண்டும், சுருக்கினால் இன்னும் விளக்கு. அத்தனை விளக்குகளின் வெப்பமும் போய் விழுந்தது, தடித்த ரப்பர் உடைக்குள் இருந்த ஹருவோ நகஜிமாவின் மேல்.

மூங்கில், கம்பி வலை, ரப்பர் என்று அடுக்கடுக்காகச் செய்த முதல் உடை ஏறக்குறைய 100 கிலோ இருந்தது. அதை மாட்டிக்கொண்டு நடக்கவே முடியவில்லை. அதை இரண்டாக வெட்டி, கால்களை மட்டும் காட்டும் காட்சிகளுக்கு வைத்துக்கொண்டு, இலகுவான இன்னொன்றைச் செய்தார்கள். அதிலும் சில நிமிடங்களுக்குமேல் தாங்காது. கழற்றினால் வியர்வையைக் கோப்பையில் ஊற்றலாம். நகஜிமா விலங்குக் காட்சிச்சாலைக்குப் போய் யானையும் கரடியும் எப்படி அடியெடுத்து வைக்கின்றன என்று பார்த்துப் பழகினார். 1972 வரை 12 படங்களில் காட்ஸில்லாவாக நடித்தார். திரையில் முகமே தெரியாத இந்த நடிகருக்குக் கிடைக்க வேண்டிய பெயர் இன்னும் முழுதாகக் கிடைக்கவில்லை என்றே நினைக்கிறேன்.

மிருகத்தின் மூச்சுப் பட்டு மின்கோபுரங்கள் உருகி வளையும் காட்சியைப் பாருங்கள். அந்தக் கோபுரங்கள் மெழுகால் செய்தவை. சூடு பட்டதும் உண்மையாகவே உருகின. இந்தப் படத்தில் தொல்லையாக இருந்த வெப்பம் ஓர் இடத்தில் உதவியாகவும் வந்தது எனக்கு மிகவும் பிடித்த விஷயம்.

உறுமலிலும் இதே பாடம்தான். இசையமைப்பாளர் அகிரா இஃபுகுபேயின் யோசனைப்படி, கான்ட்ராபாஸ் என்ற பெரிய நரம்பு வாத்தியத்தின் தந்திகளைப் பிசின் தடவிய தோல் கையுறையால் உரசினார்கள். பதிவான ஒலியை மெதுவாக ஓடவிட்டார்கள். உருவத்துக்குச் செய்ததையே குரலுக்கும் செய்தார்கள்.

டோகுசாட்சு படங்கள் இரண்டு குழுக்களாக எடுக்கப்பட்டன என்பதையும் தெரிந்துகொள்ளுங்கள். நடிகர்கள் பேசும் காட்சிகளை ஹோண்டாவின் குழு எடுக்கும். மினியேச்சர், மிருகம், விமானம் எல்லாம் சுபுராயாவின் குழுவின் பொறுப்பு. அடுத்த ஆண்டு வந்த இரண்டாவது காட்ஸில்லா படத்தில் அவருக்கு 'சிறப்பு நுட்ப இயக்குநர்' என்ற பட்டமே கிடைத்தது. இயக்குநருக்கு இணையாக இன்னோர் இயக்குநர். ஜப்பானியத் திரையுலகில் அந்தப் பதவிக்கு எடை கொடுத்தவர் அவர்.

கம்பியும் கடல்பாசியும்

1956-ல் 'ரோடான்', 1957-ல் 'பூமிக் காவல் படை', 1961-ல் 'மோத்ரா', 1962-ல் 'கிங் காங் எதிர் காட்ஸில்லா' என்று படங்கள் வரிசையாக வந்தன. எல்லாவற்றையும் விவரிக்க வேண்டியதில்லை. ஆனால் அந்த ஆண்டுகளில் அவர் கையாண்ட சின்னச் சின்ன உபாயங்களை நினைத்தால் இன்றும் உள்ளம் துள்ளுகிறது.

மாதிரி விமானத்தைக் கம்பியில் தொங்கவிட்டால் பார்ப்பவரின் கண் விமானத்துக்கு மேலே கம்பியைத் தேடும். அவர் விமானத்தைத் தலைகீழாகத் தொங்கவிட்டு, கேமராவையும் தலைகீழாக்கிப் படம்பிடித்தார். திரையில் கம்பி விமானத்துக்குக் கீழே இருக்கும். அங்கே யாரும் தேட மாட்டார்கள். அணுகுண்டின் காளான் மேகம் வேண்டுமா? தண்ணீர்த் தொட்டிக்குள் வண்ணச் சாயத்தை ஊற்றினால் அது சுருள் சுருளாகக் கீழே இறங்கும். அதைத் தலைகீழாக எடுத்தால் வானை நோக்கி எழும் மேகம். வானத்திலிருந்து பார்க்கும் கடல் வேண்டும் என்றால், நம் வீடுகளில் இனிப்புச் செய்யும் அதே கடல்பாசியைக் காய்ச்சிப் பரப்பினார். உறைந்த அலைகளோடு, எட்டிப் பார்க்கும் தூரத்துக்கு அது அசல் கடல்.

ஏன் தண்ணீரையே பயன்படுத்தவில்லை என்று தோன்றும். கட்டடத்தைச் சுருக்கலாம், தண்ணீரைச் சுருக்க முடியாது. பரப்பு இழுவிசை காரணமாகத் துளி எப்போதும் துளியின் அளவிலேயே இருக்கும். சின்னக் கப்பலின்மேல் தெறிக்கும் ஒரு துளி, கால்பந்து அளவில் தெரியும். நெருப்பும் அப்படித்தான். கப்பல் காட்சிகளுக்கு மாதிரிகளைப் பெரிதாகச் செய்வதைத் தவிர வழியில்லை. 1960-ல் டோஹோ தன் வளாகத்தில் மாபெரும் குளம் ஒன்றைக் கட்டியதற்கு இதுவே காரணம். 2004 வரை அந்தக் குளத்தில் படப்பிடிப்பு நடந்தது.

வீட்டுக்குள் வந்த மிருகங்கள்

1963-ல் சொந்த நிறுவனம் தொடங்கினார். தனித்தனியாக எடுத்த காட்சிகளை ஒரே படச்சுருளில் ஒன்றுசேர்க்கும் 'ஆப்டிகல் பிரிண்டர்' என்ற இயந்திரத்தை அமெரிக்காவிலிருந்து வரவழைக்க ஏற்பாடு செய்தார். பணம் கட்ட நிறுவனத்தால் முடியவில்லை. டிபிஎஸ் தொலைக்காட்சி அந்த இயந்திரத்தை ஏற்றுக்கொண்டது. அதைப் பயன்படுத்தி எடுத்த 'அல்ட்ரா க்யூ' தொடர் 1966 ஜனவரியில் ஒளிபரப்பானது. அதன் முதல் கதையில் வரும் மிருகம், பழைய காட்ஸில்லா உடைக்குக் கொம்பும் உரோமமும் வைத்து உருமாற்றியது. அதே ஆண்டு ஜூலையில் 'அல்ட்ராமேன்' என்ற விண்வெளி நாயகன் வந்தான். அது இன்றுவரை தொடரும் பரம்பரை.

இந்தக் கலை மற்றவர்களின் கைகளுக்கும் போனது. டாயெய் என்ற இன்னொரு திரைப்பட நிறுவனத்தில் நொரியாகி யுவாசா 1965-ல் பறக்கும் ஆமை 'கமெரா'வை இயக்கி, 1967 முதல் கதைப் பகுதியையும் சிறப்புக் காட்சிகளையும் தாமே பார்த்துக்கொண்டார். 2016-ல் ஹிடெயாகி அன்னோவும் ஷின்ஜி ஹிகுச்சியும் எடுத்த காட்ஸில்லா, கணினியில் உருவானது. அதன் நடைக்கு அசைவு கொடுத்தவர் 'கியோகென்' என்ற மரபு நாடகக் கலையின் கலைஞர் மன்சாய் நொமுரா. உடல் கனத்தோடு அடிவைக்கத் தெரிந்த ஒருவர் கணினிக்கும் தேவைப்பட்டார். 2023-ல் தகாஷி யமசாகி இயக்கி, காட்சி நுட்பத்தையும் மேற்பார்வையிட்ட 'காட்ஸில்லா மைனஸ் ஒன்' 35 பேர் கொண்ட குழுவோடு 610 காட்சித் துண்டுகளை உருவாக்கி, 2024-ல் ஆஸ்கர் வென்றது. அந்தப் படத்தில் அதிகம் வியக்கப்பட்டது கடல். சுபுராயாவின் குழு கடல்பாசியாலும் குளத்தாலும் எதிர்கொண்ட அதே தண்ணீரை இவர்கள் கணக்கீட்டால் எதிர்கொண்டார்கள்.

படப்பிடிப்பு முடிந்ததும் மினியேச்சர்களைக் குப்பையில் போடுவதே பல காலம் வழக்கமாக இருந்தது. தப்பியவற்றைப் பாதுகாக்க 2020-ல் ஒரு காப்பகம் திறக்கப்பட்டது. அது இருப்பது சுகாகவாவில், மாதிரி விமானம் செய்துகொண்டிருந்த அந்தப் பையனின் ஊரில்.

முதன்முறையாகப் பார்ப்பவர்கள் 1954 படத்திலிருந்தே தொடங்குங்கள். கறுப்பு வெள்ளைதானே என்று தள்ளிவைக்க வேண்டாம். இரவும் புகையும் கறுப்பு வெள்ளையும் சேர்ந்துதான் அந்த மிருகத்துக்கு உயிர் கொடுத்தன. புகை சுபுராயா என்ற பெயர் அங்கே உங்களுக்கு நினைவுக்கு வரும்.

1970 ஜனவரி 25 அன்று, இட்டோ என்ற கடலோர ஊரில் ஓய்வில் இருந்தபோது, 68-ஆம் வயதில் மாரடைப்பால் காலமானார். அடுத்து எடுக்க வேண்டும் என்று அவர் திட்டமிட்டிருந்த படங்களில் ஒன்றின் பெயரைத் தமிழில் சொன்னால் ஏறக்குறைய 'ஜப்பானின் விமானப் பித்தன்' என்று வரும். ஹனேடாவில் அவர் பறக்க முடியாமல் போன அந்தத் தொடக்ககால விமானங்களைப் பற்றிய கதை அது.